ரேடியோவில் விழுந்த மாமா

இத்தாலியின் பலேர்மோவில் ஊர் அணியின் கூடைப்பந்தாட்டத்தை ரேடியோவில் கேட்பது மிகச் சுலபம். ஞாயிறு பின்னேரம் ரேடியோவைப் போட வேண்டும், பக்கத்தில் உட்கார வேண்டும், அவ்வளவுதான். இதைப் பழுதாக்க ஒரு வழியும் கிடையாது என்றுதான் எவரும் சொல்வார்கள். அந்த வழியைக் கண்டுபிடித்தவன் நான்.

அப்போது எனக்கு இருபத்தேழு வயது. ஒரு பழக்கடையில் பெட்டி தூக்கிக்கொண்டிருந்தேன். ஆனால் யாராவது என்ன வேலை என்று கேட்டால், "டெக்னிக்கல் லைன்" என்பேன். (கடைத் தராசுக்கு பற்றரி மாற்றுவது நான்தான்.) தமிழ்ப் பூசைக்கு வரும் அன்ரிமாருக்கு வட்ஸ்அப் இறக்கிக் கொடுப்பேன், நிரம்பி வழியும் போன்களில் பழைய படங்களை அழித்துக் கொடுப்பேன். அவர்கள் பாவம், "யூட் தம்பிக்கு நல்ல மூளை" என்று ஒரு மரியாதைக்குச் சொன்னார்கள். அந்த மூளைகெட்ட தம்பி அதை நம்பிவிட்டான். பழைய சாமான் வைத்திருப்பவர்களைக் கண்டால் எனக்கு அப்போது ஒரு இளக்காரச் சிரிப்பு வரும். பட்டன் போன் வைத்திருந்த ஒரே காரணத்துக்காக எங்கள் பங்குச் சுவாமியாரைக்கூட நான் உள்ளூர மதித்ததில்லை.

இந்த லட்சணத்தில் எனக்கு ஒரு காதல். பெயர் ரெஜினா. பாடற்குழுவில் பாடுவாள், பலேர்மோவிலேயே வளர்ந்தவள், என்னைவிடப் பல மடங்கு புத்தி உள்ளவள். அவளுடைய பெற்றோர் மன்னார்க்காரர். நாங்கள் யாழ்ப்பாணத்துத் தீவுப்பகுதி. "தீவார் வாய்க்காரர்" என்பது அவளுடைய அம்மாவின் உறுதியான அபிப்பிராயம். அதை அன்று ஒரே பின்னேரத்தில் நான் நிரூபித்துக் கொடுத்தேன்.

அவளுடைய அப்பா, அதாவது பின்னர் என் மாமனாரான அந்தோனி மாமா, கிழமை நாட்களில் அலுவலகங்கள் துப்புரவு செய்வார். ஞாயிற்றுக்கிழமைகளில் அவருக்கு வேறு உத்தியோகம். ஊர் அணி விளையாடும் உள்ளரங்கில் தரை துடைப்பது. சம்பளத்துக்கு விளையாடும் ஏழடி மனிதர்கள் விழுந்து எழும்பினால் பலகைத் தரையில் வியர்வை நிற்கும். நடுவர் விசில் ஊதுவார். உடனே மாமா அகலமான மொப்பைத் தள்ளிக்கொண்டு உள்ளே ஓடுவார், துடைப்பார், திரும்பி ஓடிவந்து கூடைக்குக் கீழே குந்தியிருப்பார். ரேடியோ வர்ணனையாளரும் ஒவ்வொரு தடவையும், "மொப் பிடித்த எங்கள் நண்பர் இறங்குகிறார், தரை துடைக்கப்படுகிறது" என்று இரண்டு சொல் சொல்வார்.

அந்த இரண்டு சொல்லுக்காகத்தான் அந்த வீட்டில் கூடைப்பந்து கேட்டார்கள். யார் வென்றார், யார் தோற்றார் என்பது அங்கே ஒருவருக்கும் தேவையில்லை. வர்ணனையாளர் தரை என்று வாய் திறந்ததும் ரெஜினாவின் அம்மா திரேசம்மா மாமி சிலுவை அடையாளம் போட்டு, "இந்தா, இறங்கிட்டார்" என்பார். நேரில் போய்ப் பார்க்கலாமே என்று கேட்டால், "அந்த மலைமாடுகளுக்குள்ளை இவர் ஓடுறதை நேரிலை பாத்தா எனக்கு நெஞ்சடைக்கும். கேட்டாக் காணும்" என்பார்.

கேட்பதற்கு மாமி ஒரு முறை வைத்திருந்தார். குசினி யன்னலில் ஒரு பழைய ரேடியோ. அதன் ஏரியலிலிருந்து ஒரு கம்பி போய் பல்கனியில் உடுப்புக் காயப்போடும் கொடியில் கட்டப்பட்டிருந்தது. கொடியில் ஈர உடுப்பு இருந்தால் சத்தம் தெளிவாக இருக்கும் என்பது மாமியின் அனுபவம். ஆகவே ஆட்டமுள்ள ஞாயிறுகளில், தோய்க்க ஒன்றும் இல்லாவிட்டாலும், ஒரு துவாயை நனைத்துக் கொடியில் போடுவார். ரேடியோ கொஞ்சம் கரகரக்கும். ஆனால் கேட்கும். ஒரு ஞாயிறுகூடத் தவறியதில்லை.

மாசி மாதத்தில் ஒரு ஞாயிறு. பெண் கேட்டுப் போனோம். என் தரப்புப் பெரிய மனிதராக ஸ்டெல்லா அக்கா வந்தாள். சியாகுல்லி மாண்டரின் தோடம்பழம் ஒரு பெட்டி, முதலாளியிடம் இரவல் வாங்கிய லாப்பா (பழக்கடைக்காரர் ஓட்டும் மூன்று சக்கரச் சாமான் வண்டி), ஊதா நிறத்தில் ஒரு சேட்டு. அந்தச் சேட்டைப் பற்றி எதுவும் சொல்லாமல் விடுகிறேன். மாமா ஆட்டம் முடிந்து வந்ததும் முடிவு சொல்வது என்று ஏற்பாடு. அதுவரை எல்லோரும் ஒன்றாக இருந்து ரேடியோ கேட்பது. படியேறும்போது அக்கா சொன்னாள்:

"வாயைத் திறக்காதை. தேத்தண்ணியைக் குடி, சிரி. மிச்சத்தை நான் கதைக்கிறன்."

நான் தேத்தண்ணியைக் குடித்தேன். சிரித்தேன். பிறகு மாமி துவாயை நனைத்துக்கொண்டு பல்கனிக்குப் போனார். நான் வாயைத் திறந்தேன்.

"மாமி, இதென்ன செய்யிறியள்?"

"ரேடியோவுக்குத் தம்பி. துவாய் போட்டாத்தான் வடிவாக் கேக்கும்."

"இந்தக் காலத்திலையும் கம்பியோ?" என்று சிரித்தேன். அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தாலும் என்னை நானே அறைய வேண்டும்போல் இருக்கிறது. "இன்டர்நெட்டிலை ஸ்டிரீமிங் இருக்கு மாமி. ஆள் பக்கத்திலை இருந்து கதைக்கிற மாதிரி இருக்கும். நான் போட்டுத் தாறன்."

அக்கா மேசைக்குக் கீழே என் காலை உதைத்தாள். நான் அதை ஊக்கம் என்று எடுத்துக்கொண்டேன்.

"இதிலை கேக்குதுதானே?" என்றாள் ரெஜினா, மெதுவாக. அது எச்சரிக்கை என்று புரிந்துகொள்ள எனக்கு ஒரு கல்யாணமே தேவைப்பட்டது.

நான் எழும்பி, கம்பியைக் கழற்றினேன். ரேடியோவை நிறுத்தி, திருப்பி, சுவர்ப் பக்கம் முகம் பார்க்க வைத்தேன். (அவமானப்படுத்துவதற்கு.) மாமியின் ஈரத் துவாயை மடித்துக் கையிலேயே கொடுத்தேன். பிறகு என் காற்சட்டைப் பையிலிருந்து புளூடூத் ஸ்பீக்கரை எடுத்து மேசை நடுவில், மாதா சுரூபம் வைப்பதுபோல் வைத்தேன். பெண் கேட்கப் போகிறவன் ஏன் பையில் ஸ்பீக்கரோடு போகிறான் என்று நீங்கள் கேட்கலாம். அக்காவும் இன்றுவரை கேட்கிறாள்.

ரேடியோக்காரரின் இணையப் பக்கத்தைத் திறந்தேன். மேலே "நேரலை" என்ற இடத்தில் ஒரு வட்டம் சுற்றியது, சுற்றியது, சுற்றிக்கொண்டே இருந்தது. மூன்று பெண்களும் என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கொஞ்சம் கீழே அதே இரண்டு அணிகளின் பெயரும் பெரிய எழுத்தில், பக்கத்தில் ஒரு முக்கோணமும் இருந்தது. அதை அமத்தினேன். பெயருக்குக் கீழே சாம்பல் நிறத்தில், எறும்பு அளவு எழுத்தில் ஒரு திகதி இருந்ததாம். சின்ன எழுத்து வாசிப்பது பழைய ஆட்களின் வேலை என்பது அந்நாளில் என் கொள்கை.

சத்தம் வந்தது பாருங்கள், வெள்ளிக்கிண்ணத்தில் தட்டியதுபோல. அதே வர்ணனையாளர், அதே பரபரப்பு, சப்பாத்துகள் தரையில் கீச்சிடுவதுகூடக் கேட்டது. மாமியின் முகம் மலர்ந்தது.

"அச்சொட்டாக் கேக்குது, என்ன?" என்று ரெஜினாவைப் பார்த்தார். எனக்கு இரண்டாவது துண்டு கேக் வந்தது. நான் காலுக்கு மேல் கால் போட்டேன்.

இடையில் ஒரு விளம்பரம் போனது. நத்தார்ப் பண்டிகைக்கான பனத்தோனே கேக்கை இப்போதே பதிவு செய்யுங்கள் என்றது. மாமி நெற்றியைச் சுருக்கினார்.

"மாசி மாசத்திலை ஏன் தம்பி நத்தார் கேக்?"

இந்த இடத்தில் சாதாரண மனிதன் ஒருவன் போனை எடுத்து ஒரு தடவை பார்த்திருப்பான். நான் டெக்னிக்கல் லைன்.

"இத்தாலியன் எல்லாத்தையும் முந்தியே யோசிப்பான், மாமி."

கேள்வி கேட்டவர் இத்தாலியர் வீடுகளில் இருபது வருடம் வேலை செய்தவர். பதில் சொன்னவன் அவர்களுக்கு உருளைக்கிழங்கு நிறுத்துக் கொடுப்பவன். ஆனாலும் மாமி மரியாதைக்குத் தலையாட்டினார். அக்கா மட்டும், பத்தாம் வகுப்பில் நான் கணக்கில் கோட்டைவிட்ட அன்று பார்த்த அதே பார்வையைப் பார்த்தாள்.

பிறகு தரை துடைக்கப்பட்டது. மாமி சிலுவை போட்டு, "இந்தா, இறங்கிட்டார்" என்றார். மாமாவை நானே கையைப் பிடித்துக் கொண்டுபோய் இறக்கிவிட்டதுபோல எனக்குப் பெருமை. கல்யாணம் முடிந்த மாதிரித்தான் என்று நினைத்துக்கொண்டு மாண்டரின் ஒன்றை உரிக்கத் தொடங்கினேன்.

அப்போது வர்ணனையாளரின் குரல் திடீரென்று உயர்ந்தது. ஏதோ வேகமாகச் சொன்னார். என் இத்தாலிய மொழி பழக்கடை இத்தாலியம். விலை சொன்னால் விளங்கும், விபத்து சொன்னால் விளங்காது. ரெஜினாவைப் பார்த்தேன். அவள் முகத்தில் இரத்தம் இல்லை.

"பந்துக்குப் பாஞ்ச ஒருத்தன் அப்பாவிலை விழுந்திட்டானாம்," என்றாள். "அப்பா எழும்பேல்லையாம். தோளாம். ஸ்ட்ரெச்சர் கொண்டு வருகினமாம்."

மாமி கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். கையிலிருந்த துவாயை மேசையில் வைத்துவிட்டு, போனை எடுத்து மாமாவுக்கு அடித்தார். மணி போனது, போனது, யாரும் எடுக்கவில்லை.

"அவர் போனை அலுமாரிக்குள்ளை வைச்சுப் பூட்டிப்போட்டுத்தானே இறங்கிறவர், அம்மா," என்றாள் ரெஜினா.

"தம்பி, உன்னட்டை வாகனம் இருக்கோ?" என்று மாமி என் பக்கம் திரும்பினார்.

இங்கேதான் என் கீழ்த்தரம் முழுமையாக வெளிப்பட்டது. ஒரு மனிதர் அடிபட்டுக் கிடக்கிறார். என் மண்டைக்குள்ளோ, ஆபத்தில் கைகொடுத்த மருமகன் என்ற பெயர் எனக்கே என்று ஒரு கணக்கு ஓடியது. நெஞ்சை நிமிர்த்தி, "இருக்கு மாமி. வாங்கோ" என்றேன். ரெஜினா ஆஸ்பத்திரிகளுக்கு அடித்துப் பார்ப்பதற்காக அக்காவோடு வீட்டில் நின்றாள். நானும் மாமியும் இறங்கினோம்.

வெளியே கொட்டும் மழை. லாப்பாவின் முன்பகுதி ஒரு ஆளுக்கானது. அதில் நானும், சிவப்புச் சேலையில் மாமியும், மாமியின் செபமாலையும். கதவு பூட்டுப்படவில்லை; மாமி ஒரு கையால் கதவை இழுத்துப் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் மணி உருட்டினார். வியா மக்வேதா வீதியில் வண்டி விடமாட்டார்கள் என்று நான் துறைமுகப் பக்கமாகச் சுற்றினேன். (இதுவும் என் மூளைதான்.) அங்கே நேப்பிள்ஸ் கப்பலுக்குக் கார்கள் வரிசையாக நின்றன. முன்னுக்கும் போக முடியாது, பின்னுக்கும் போக முடியாது. கொஞ்ச நேரத்தில் மஞ்சள் மழைக்கோட்டுக்காரர் ஒருவர் வந்து கண்ணாடியில் தட்டி, எங்கள் கப்பல் டிக்கெட்டைக் கேட்டார்.

"என்னவாம்?" என்றார் மாமி.

"ஒண்டுமில்லை மாமி. வழி சொல்லுறார்."

அவர் உண்மையில் சொன்னது வழியல்ல. சிசிலிய மொழியில், என் பெற்றோரைத் தொடர்புபடுத்திச் சில விஷயங்கள்.

ஒருவழியாக உள்ளரங்குக்கு வந்தோம். ஆட்டம் இன்னும் நடந்துகொண்டிருந்தது. ஒருவர் ஸ்ட்ரெச்சரில் போன பிறகும் எப்படி இவர்கள் விளையாடுகிறார்கள், என்ன இரக்கமில்லாத சனம் என்று மாமி சொன்னார். நானும் ஆமாம் போட்டேன். வாசலில் நின்ற காவலாளி டிக்கெட் கேட்டான். மாமி அவனைப் பார்த்து, "மரித்தோ மியோ, மோர்த்தோ" என்றார். என் புருஷன் செத்துப்போனார் என்று அர்த்தம். அந்தப் பிள்ளை சிலுவை போட்டுக்கொண்டு வழிவிட்டான்.

உள்ளே அந்த நேரம் பார்த்து ஒரு ஆட்டக்காரன் தனி எறி எறிவதற்காக நின்றான். அரங்கம் முழுக்க மூச்சுக் காட்டாமல் இருந்தது. அந்த அமைதிக்குள் மாமி, "எங்கை அவர்?" என்று கேட்டுக்கொண்டே நேரே நடு மைதானத்துக்குள் நடந்தார். ஏழடி மனிதர்கள் விலகினார்கள். எறிய நின்றவன் பந்தை மார்போடு அணைத்துக்கொண்டான்.

கூடைக்குக் கீழே, மொப்பைப் பிடித்துக்கொண்டு, இரண்டு தோளும் சுகமாக, மாமா குந்தியிருந்தார்.

வேறு எவருக்கும் அந்தக் காட்சியைக் கண்டால் கடவுளுக்கு நன்றி சொல்லத் தோன்றும். எனக்கு முதலில் தோன்றியது, "இந்த மனுசன் ஏன் நல்லா இருக்கிறார்?" என்பதுதான். ஒரு நியாயமான மனிதன் தன் மாமனாரைப் பார்த்து நினைக்கக்கூடாத முதல் நினைப்பு அது.

மாமி அவரிடம் போனார். இடது தோளை அமத்திப் பார்த்தார், வலது தோளை அமத்திப் பார்த்தார். அதற்குப் பிறகு, அவ்வளவு சனத்துக்கு முன்னால், அவர் தோளில் முகத்தை வைத்து விம்மி விம்மி அழுதார். மாமா மொப்பையும் விடாமல், மாமியையும் விடாமல், என்ன ஏது என்று தெரியாமல் நின்றார். கொஞ்ச நேரத்தில் மாமி முகத்தைத் துடைத்துக்கொண்டு, "உயிரோடை இருக்கிற ஆளுக்குப் போன் எடுக்கத் தெரியாதோ?" என்று தொடங்கினார்.

நடுவர் விசில் ஊதினார். கோட்டுப் போட்ட ஒரு பெரியவர் கையை ஆட்டிக்கொண்டு ஓடி வந்தார். மாமா அவரை ஒரு கையால் தடுத்து, தரையைக் காட்டினார். வாசலிலிருந்து கூடை வரைக்கும் பளபளக்கும் பலகையில் மாமியின் ஈரச் செருப்புத் தடம். மாமி முன்னுக்கு நடக்க, மாமா பின்னால் மொப்பைத் தள்ளிக்கொண்டு மனைவியின் தடத்தை ஒவ்வொன்றாகத் துடைத்தபடி வாசல்வரை வந்தார். சனம் எழும்பி நின்று கைதட்டியது. எறிய நின்றவன் அதற்குப் பிறகு எறிந்த இரண்டும் கூடைக்குள் போகவில்லை. எங்கள் அணி தோற்றது. அதையும் மாமி என் கணக்கில்தான் எழுதினார்.

நான் வாசலில் நின்றேன். நேப்பிள்ஸ் கப்பல் புறப்பட இன்னும் நேரமிருந்தது. போய்விடலாமா என்று உண்மையாகவே யோசித்தேன்.

ஆட்டம் முடிந்து, உடுப்பு மாற்றிக்கொண்டு மாமா நான் நின்ற வாசலுக்கு வந்தார். கோபமாகத் தெரியவில்லை. அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது.

"நான் விழுந்தனெண்டு ஆர் சொன்னது?"

"ரேடியோ சொன்னது, மாமா."

"எந்த ரேடியோ? காட்டு பாப்பம்."

போனைக் கொடுத்தேன். மாமா மூக்குக்கண்ணாடியைப் போட்டு, போனைத் தூரப் பிடித்து, அந்த எறும்பு எழுத்தை நிதானமாக வாசித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றினார்.

"இது போன வருசத்துச் சீசனிலை நடந்த மச், தம்பி. மார்கழி மாசம். இதிலை விழுந்தது மொரிசியஸ்காரன் சிவா. அவன்ரை தோள் முறிஞ்சபடியாலைதான் எனக்கு இந்த வேலை கிடைச்சது."

மாமி என்னைப் பார்த்தார். நத்தார் கேக் என்ற இரண்டு சொல் அவர் உதட்டில் அசைந்ததை மட்டும் கண்டேன். அவர்கள் இருவரும் பஸ்ஸில் போனார்கள். நான் லாப்பாவில், அந்த பஸ்ஸின் பின்னாலேயே, மரண வீட்டு வண்டி வேகத்தில் போனேன்.

வீட்டில் ரெஜினா சிரித்துச் சிரித்துக் கண் சிவந்துபோய் இருந்தாள். நாங்கள் போன கொஞ்ச நேரத்தில், ஒரு ஆஸ்பத்திரியிலும் தகவல் இல்லாததால், அவள் பழைய ரேடியோவைத் திருப்பி, கம்பியைக் கொழுவி, துவாயை நனைத்துப் போட்டிருக்கிறாள். "மொப் பிடித்த எங்கள் நண்பர் இறங்குகிறார்" என்று கேட்டதும் விஷயம் விளங்கிவிட்டது. அதற்குப் பிறகு சிவப்புச் சேலை அணிந்த ஒரு சிஞ்ஞோரா (அம்மணி) மைதானத்துக்குள் வந்ததையும், இன்று அணியில் ஒருவராலும் தடுக்க முடியாத ஒரே ஆள் அவர்தான் என்பதையும், வர்ணனையாளர் விபரமாகச் சொல்லியிருக்கிறார். கரகரப்புகூட இல்லையாம். மழையில் கொடி நன்றாக நனைந்திருந்ததாம்.

அக்கா கைப்பையை எடுத்துத் தோளில் மாட்டியிருந்தாள். "மன்னிச்சுக்கொள்ளுங்கோ. நாங்கள் வெளிக்கிடுறம்" என்றாள்.

"ஓம், வெளிக்கிடுங்கோ," என்றார் மாமி. "இருக்கிற மனுசனைச் சாகடிச்சவனுக்கு என்ரை பிள்ளையைக் குடுக்கேலாது."

பகிடி எல்லாம் அந்த இடத்தில் முடிந்தது. ரெஜினாவைப் பார்த்தேன், அவளும் சிரிப்பை நிறுத்தியிருந்தாள். ஒரு முக்கோணத்தை அமத்தி அவளை இழந்துவிட்டேன் என்று விளங்கியது.

"இருங்கோ," என்றார் மாமா. கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்து, மாண்டரின் ஒன்றை உரித்தார். "தம்பி, நான் இவவைக் கட்டி இருபத்தாறு வருசம். எனக்குக் காய்ச்சலெண்டு படுத்தாலும், 'உங்களுக்கு எப்பவும் ஒரு வருத்தம்' எண்டுதான் சொல்லுறவ. இண்டைக்கு ஊர் பாத்துக்கொண்டிருக்க எனக்காக அழுதவ. உண்மையிலை செத்திருந்தா இது எனக்குத் தெரியாமல் போயிருக்கும்."

"அது மழைத்தண்ணி," என்றார் மாமி.

"சரி, மழைத்தண்ணி. எனக்கு இந்தப் பெடியன் காணும். பிள்ளையைக் கேளுங்கோ."

ரெஜினா என்னை மேலும் கீழும் பார்த்தாள். அந்தச் சேட்டிலும் பார்வை கொஞ்ச நேரம் நின்றது.

"கட்டுறன். ஆனா இந்த வீட்டிலை ஒரு சுவிச்சையும் அவர் தொடக்கூடாது."

ஆகவே கல்யாணம் நடந்தது, என் திறமையால் அல்ல, என் முட்டாள்தனத்தின் பக்கவிளைவாக. அந்தக் குடும்பத்தில் நான் சொல்லும் செய்திக்கு இன்றைக்கும் மதிப்புக் கிடையாது. வெளியே வெயில் என்றால் யன்னலால் எட்டிப் பார்ப்பார்கள். பெர்மெஸ்ஸோ (வதிவிட அனுமதி) வந்துவிட்டது என்றால், போன வருசத்துப் பெர்மெஸ்ஸோவா என்று கேட்பார்கள். அக்காவின் பிள்ளைகள் பலேர்மோ இத்தாலியத்தில் அந்த ஞாயிறுக் கதையை ஒரு நாடகமாகவே நடிப்பார்கள். மாமியாக நடிக்க அவர்களுக்குள் சண்டை.

எங்களுக்கு மகள் பிறந்த அன்று, ஆஸ்பத்திரி அறையிலிருந்து நான்தான் மாமிக்குப் போன் எடுத்தேன். "மாமி, பொம்பிளைப் பிள்ளை. ரெண்டு பேரும் சுகம்" என்றேன். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. அழுகிறாராக்கும் என்று நினைத்ததும் எனக்கும் கண் கலங்கியது.

பிறகு மாமியின் குரல் வந்தது.

"தம்பி, இது லைவோ?"

போனை ரெஜினாவிடம் கொடுத்தேன். அவள் சோர்ந்த குரலில், "ஓம் அம்மா, லைவ்தான்" என்று சொன்ன பிறகுதான் மாமி அழத் தொடங்கினார்.